இசக்கிமுத்துவின் பனிமலை

தகப்பனும் மகளும் கடைசியாகச் சேர்ந்து செய்த வேலை, ஒரு மைக்கைச் சரிசெய்தது. மட்டாஞ்சேரி வீட்டின் சமையல் மேடையில் அது வயிறு திறந்து கிடந்தது. அமுதவள்ளி சால்டரிங் அயர்னைப் பிடித்திருந்தாள். இசக்கிமுத்து கைபேசி டார்ச்சை அடித்துக்கொண்டு நின்றார். வெளிச்சம் மைக்கைத் தவிர மற்ற எல்லாவற்றின் மேலும் விழுந்தது.

"அப்பா, சிவப்பு ஒயருக்கு மேல அடிங்க."

"அங்கதான அடிக்கேன்."

"அது மிளகாப்பொடி டப்பா."

"அதுவும் சிவப்பாத்தான இருக்கு."

போன டிரிப்பில் அதிரப்பள்ளி அருவிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு, அருவியைவிடச் சத்தமாகப் பேசப் பார்த்திருக்கிறார். சாரல் உள்ளே இறங்கி மைக்குக்குத் தொண்டை கட்டிவிட்டது. அமுதவள்ளி ஒயரைப் பற்றவைத்து, மூடியைத் திருகி அவர் கையில் கொடுத்தாள். அவர் ஜன்னல் பக்கம் திரும்பி நின்று சோதனை போட்டார்.

"ஹலோ, ஹலோ. பயணிகள் கவனத்துக்கு. ஒண்ணுக்குப் போறவுக எல்லாம் இப்பவே போயிருங்க. அருவியில போவக்கூடாது. அதத்தான் கீழ உள்ளவுக குடிக்காக."

மாடி வீட்டுச் சேச்சி ஜன்னலைப் படாரென்று சாத்தினாள். மைக் நன்றாக வேலை செய்கிறது என்று தெரிந்துகொண்டார்கள்.

"குல்லாவ எல்லாம் தோபிகானாவுல வெளுக்கப் போட்டிருக்கேன்" என்றார், மைக்கைத் துண்டில் சுற்றியபடி. "ஞாயித்துக்கிழம போற வழியில வாங்கிக்கிடலாம்."

"ம்" என்றாள் அமுதவள்ளி.

அந்த ஞாயிறு வருவதற்குள் அவர் போய்விட்டார். தோப்பும்படியில் வேலை பார்த்த ஐஸ் பிளாண்டில், மத்தியானச் சாப்பாட்டுக்குக் கை கழுவப் போனவர், குழாயடியில் உட்கார்ந்தார். பிறகு சாய்ந்தார். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனதெல்லாம் கூட இருந்தவர்களுக்கு மனசு கேட்காமல்தான்.

இசக்கிமுத்து சுரண்டைப் பக்கத்துக்காரர். மீசை சரியாக முளைக்காத வயதில் கொச்சிக்கு வந்து, ஐஸ் தள்ளும் வேலையில் சேர்ந்து, அதிலேயே தலை நரைத்தார். வாரத்தில் ஆறு நாள் ஐஸ் கட்டிகளைக் கொக்கி போட்டு இழுத்துத் துறைமுகத்து மீன்பிடி போட்டுகளுக்கு அனுப்புவார். ஏழாவது நாள் கழுத்தில் மைக்கைத் தொங்கவிட்டுக்கொண்டு வேனில் ஏறிவிடுவார். ஏறியதும் ஆளே வேறு. நடைகூட மாறிவிடும்.

கொச்சியைப் பார்க்க உலகமே வருகிறது. வந்தவர்கள் சாப்பிட்ட தட்டைக் கழுவுவதும், படுத்த விரிப்பை மாற்றுவதும், தங்குகிற கட்டடத்துக்குச் செங்கல் சுமப்பதும் நம் ஆட்கள். கழுவிய தட்டைக் கவிழ்த்துவிட்டுத் திரும்பினால் லைன் வீடு, மறுநாள் விடிந்தால் மறுபடி தட்டு. இதை இசக்கிமுத்து தன் சொந்த வீட்டில் நடந்த அநியாயம் போல எடுத்துக்கொண்டார். பக்கத்துச் சந்துகளில் சொல்லிவைத்தார். சங்கிலிப்பாண்டியின் வேனைப் பேசினார். காலையில் அதிரப்பள்ளி அருவி, சாயங்காலம் செராய் கடற்கரை, நடுவில் பொட்டலத்தில் புளிச்சோறு. இப்படித்தான் அவருடைய டிரிப் ஆரம்பித்தது. அருவியும் கடலும் மட்டும்தான் அப்போது. பனிமலை பின்னால் வந்தது. அது வந்தது ஒரு பிசகினால்.

யாரோ கைபேசியில் ஒரு படம் காட்டினார்கள். மூணாறில் புல்லெல்லாம் வெள்ளை வெளேரென்று உறைந்து கிடந்தது. இசக்கிமுத்து அன்றைக்கே அறிவித்துவிட்டார்: இந்தத் தடவை மூணாறு, பனி பார்க்கிறோம். எர்ணாகுளம் பிராட்வேக்குப் போய்க் குரங்குக் குல்லாக்களை மொத்தமாக வாங்கி வந்தார். படம் பொய்யில்லை. ஆனால் அது தை மாதத்துப் படம். இவர்கள் கிளம்பியது சித்திரையில். போகப் போகக் குளிரும், இப்போதே பழகிக்கொள்வது நல்லது என்று அவர் சொன்னதைக் கேட்டு, மட்டாஞ்சேரியிலேயே எல்லாரும் குல்லாவை மாட்டிக்கொண்டார்கள். அந்த வெக்கையில், மூக்கும் கண்ணும் மட்டும் தெரிய, ஒரு வேன் நிறைய ஆட்கள் போவதைப் பார்த்துப் பள்ளுருத்தியில் ஒரு போலீஸ்காரர் கை காட்டி நிறுத்தினாராம். சங்கிலிப்பாண்டி இன்றைக்கும் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பான்.

மூணாறில் வெயில் பல்லைக் காட்டியது.

"அண்ணே, பனி எங்க?"

"இப்பத்தான் எந்திரிச்சுப் போயிருக்கு. நாம சாயா குடிக்காம வந்திருக்கணும்."

திரும்பி வரும்போது வேனில் ஒருவரும் பேசவில்லை. திட்டியிருந்தால்கூட இசக்கிமுத்து தாங்கிக்கொண்டிருப்பார். சும்மா இருந்ததைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. தோப்பும்படி வந்ததும் வண்டியை ஐஸ் பிளாண்டுக்குத் திருப்பச் சொன்னார். ஸ்டோர் அறையைத் திறந்தார். உள்ளே கட்டி கட்டியாக ஐஸ், விட்டம் வரைக்கும் ஏறிக் கிடந்தது. வெள்ளைப் புகை காலைச் சுற்றியது. ஐஸ் மேல் செருப்பு நிற்காது என்பதால் பிளாண்டில் வேலை பார்ப்பவர்கள் காலில் சாக்கைச் சுற்றிக் கயிற்றால் கட்டிக்கொள்வார்கள். அவர் முழங்காலிட்டு உட்கார்ந்து ஒவ்வொருவர் காலுக்கும் சாக்குக் கட்டிவிட்டார்.

"பனின்னு சொன்னேன்லா. ஏறுங்க. இப்பக் குல்லாவ மாட்டுங்க."

அன்றைக்கு அவர்கள் போட்ட கூத்தில் வாட்ச்மேனும் ஒரு குல்லா கேட்டு வாங்கி மாட்டிக்கொண்டாராம். மூணாறு அத்தோடு டிரிப்பிலிருந்து விடுபட்டது. சாயாக்கடைச் சுவரில் புதுப் பலகை ஏறியது: அருவி, கடல், பனிமலை, ஒரே நாளில்.

அமுதவள்ளி அப்போது ஏசி, ரெஃப்ரிஜரேஷன் டிப்ளமோ படித்துக்கொண்டிருந்தாள். அம்மா அவள் பள்ளிக்கூடம் படிக்கையிலேயே போய்விட்டதால், வீட்டில் எதிர்க்கட்சி அவள் ஒருத்திதான்.

"அப்பா, அது பனிமலை இல்ல. உப்புத்தண்ணியில டின்ன இறக்கி உறைய வெச்ச ஐஸ்."

"மலையில உள்ளது மட்டும் என்ன. அதையும் யாரோ உறைய வெச்சதுதான."

அவள் பிறகு வாதம் பண்ணவில்லை. நிபந்தனை போட்டாள். அமோனியா வாடை இல்லை என்று தெரிந்த பிறகுதான் உள்ளே போக வேண்டும். ஒருவர் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டே நிற்க வேண்டும். ஐஸை வாயில் வைக்கக் கூடாது, மீனுக்குப் போடுவது. இசக்கிமுத்து மூன்றையும் அப்படியே மைக்கில் சேர்த்துக்கொண்டார். "என் மக எஞ்சினியரு, அவ சொல்லியிருக்கா" என்றுதான் ஆரம்பிப்பார்.

"டிப்ளமோப்பா."

"எஞ்சினியருன்னு சொன்னா என்ன, காசா பணமா."

ஐஸ் தின்னக் கூடாது என்று ஆனதும், அதற்குப் பதிலாக ஃபிளாஸ்க்கில் சாயா கொண்டுபோனார். குவியலின் உச்சிக்கு ஏறியவர்களுக்கு அங்கேயே ஒரு கிளாஸ் சாயா. ஏறாதவர்களுக்குக் கிடையாது. பனிமலையில் ஏற ஒருவரும் தயங்காததற்கு அந்தச் சாயாவும் ஒரு காரணம்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்த மறுநாள் மாடத்தி வந்தாள். அவளுக்கும் சுரண்டைதான் ஊர், அடுத்த சந்தில் லைன் வீடு. ஃபோர்ட் கொச்சியில் ஒரு ஹோட்டலில் பாத்திரம் கழுவுகிறவள். இசக்கிமுத்துவை அண்ணன் என்று கூப்பிடுவாள். வந்தவள் அழுது முடித்து, மூக்கைச் சிந்தி, முந்தானையைச் சரிசெய்துகொண்டு விஷயத்துக்கு வந்தாள்.

"ஏட்டி அமுதா, டிரிப்பு எப்போ?"

அமுதவள்ளி அவளையே பார்த்தாள்.

"முழிக்காத. நான் மாசக் கடைசியில ஒரேயடியா ஊருக்குப் போறேன். முட்டு ரெண்டும் போச்சு. எங்க அக்கா ஒருக்கா பம்பாய் போயிட்டு வந்து, இன்னமும் அதையே பேசிக்கிட்டு அலையுதா. நான் இத்தன வருசம் கேரளாவுல இருந்துட்டுப் போறேன். பதிலுக்குச் சொல்ல எனக்கு என்ன இருக்கு, எச்சித் தட்டத் தவிர? அண்ணன் வாக்குக் கொடுத்தாரு. உன்னப் பனிமலையில ஏத்தாம ரயில் ஏத்தமாட்டேன்னாரு. அவருபாட்டுக்குப் போயிட்டாரு. நீ இருக்கேல்லா."

"அத்தே, எனக்குப் பேச வராது."

"யாரு பேசச் சொன்னா? கூட்டிட்டுப் போ."

அமுதவள்ளி மறுநாள் ஐஸ் பிளாண்டுக்குப் போனாள். சூப்பர்வைசர் அனூப் அவளை ஸ்டோர் அறைக்குக் கூட்டிப்போய்க் கதவைத் திறந்து காட்டினார். மலை இருந்த இடத்தில் ஒரு பூனை படுத்திருந்தது.

"ட்ராலிங் நிரோதனமல்லே, மோளே. ஜூலை முடியற வரைக்கும் மீன் பிடிக்கத் தடை. போட்டு எல்லாம் கெட்டிப் போட்டாச்சு. ஐஸ் ஆருக்கு? ஆகஸ்ட் பிறக்கட்டும், இசக்கியண்ணன் பேருல ஒரு மலையே தாரேன்."

ஆகஸ்ட் பிறக்கும்போது மாடத்தி சுரண்டையில் இருப்பாள். பம்பாய்க்குப் பதில் சொல்ல முடியாமல்.

அமுதவள்ளி கம்ப்ரஸரைச் சுற்றி வந்தாள். தேவராவில் கப்பல் ரிப்பேர் செய்யும் ஒரு யார்டில் அவளுக்கு இதுதான் வேலை, கப்பல்களின் குளிரறைகள். எண்ணெய் கசிந்த தடத்தைத் தொட்டு, விரலை மோந்து பார்த்தாள்.

"சேட்டா, இது சீல் போயிருக்கு."

"அறியாம், தெரிஞ்ச விஷயம்தான். வால்வும் சரியில்ல. மெக்கானிக் அடுத்த மாசம் வரும்."

"நான் செஞ்சு தாரேன். கூலி வேண்டாம். ஓட்டிப் பாக்கும்போது வர்ற ஐஸ் எனக்கு."

"ஐஸ வெச்சு நீ எந்தா செய்யும்? மீன் பிடிக்கப் போவுதா?"

"டிரிப்பு."

அனூப் உடனே முதலாளிக்குப் போன் போட்டார். முதலாளி கேட்டது ஒரே கேள்விதான்: "இசக்கீடெ மோளாணோ?" ஆமாம், இசக்கியின் மகள்தான் என்றதும் "செய்யட்டே" என்று வைத்துவிட்டார்.

தேவராவில் வேலை முடிந்து வந்து, தினமும் சாயங்காலம் அவள் கம்ப்ரஸரைப் பிரித்தாள். வீட்டில் இருந்தால் அப்பாவின் சட்டை கொடியில் தொங்கும். இங்கே நட்டும் போல்ட்டும்தான். சீலை மாற்றினாள், வால்வுத் தட்டைத் தேய்த்து உட்காரவைத்தாள். அனூப் டார்ச் பிடித்தார். எந்தப் போல்ட்டைப் பார்க்கிறாளோ அந்தப் போல்ட்டின் மேல், ஆடாமல், அசையாமல் வெளிச்சம் விழுந்தது. அப்படி ஒரு வெளிச்சத்தில் வேலை செய்து அவளுக்குப் பழக்கமில்லை. ஸ்பேனரைக் கீழே வைத்துவிட்டு வெளியே போய்க் குழாயில் முகம் கழுவி வந்தாள். அனூப் அதே போல்ட்டின் மேல் டார்ச்சைப் பிடித்தபடி நின்றிருந்தார்.

கடைசியில் கந்தகத் திரியைக் கொளுத்தி ஒவ்வொரு இணைப்பாகக் காட்டிப் பார்த்தாள். அமோனியா கசிந்தால் திரியின் புகை வெள்ளையாகத் திரளும். திரளவில்லை. மோட்டாரைப் போட்டார்கள். பெல்ட் உதறி, பிடித்து, ஓடியது. டின்களை இறக்கினார்கள். பூனை இடத்தைக் காலி செய்தது.

ஞாயிற்றுக்கிழமை மழையோடு விடிந்தது. இசக்கிமுத்து இருந்தபோது வழக்கமாக வந்தவர்கள்தான் பாதி வேன். மாடத்தி புதுச் சேலை, புதுச் செருப்பு, முன்சீட்டு. அமுதவள்ளி மைக்கைக் கையில் எடுத்தாள். சொல்ல வேண்டியதைக் கைபேசியில் எழுதிவைத்திருந்தாள். தமிழ்தான், ஆனால் மலையாள எழுத்தில். அதுதான் அவளுக்கு வேகமாக வரும்.

"இது அங்கமாலி" என்றாள்.

வேன் காத்திருந்தது. மேற்கொண்டு ஒன்றும் வரவில்லை.

"அதத்தான் போர்டுலயே எழுதிப் போட்டிருக்கானே" என்றாள் மாடத்தி.

சங்கிலிப்பாண்டி ஸ்டியரிங்கைப் பிடித்தபடியே திரும்பாமல் சொன்னான். "அண்ணன் இந்த இடத்துல என்ன சொல்வாரு? எல்லாரும் மூக்கப் பிடிங்க. இங்க பன்னிக்கறியும் மாங்காயும் கொதிக்குது. வாசம் பிடிச்சி ஒருத்தன் எறங்கினாலும் டிரிப்பு இங்கயே முடிஞ்சிரும்."

பின்சீட்டிலிருந்து ஒருத்தர், "இல்ல, அதுக்கு முன்னால ஒண்ணு சொல்வாரு" என்று கை நீட்டினார். அமுதவள்ளி மைக்கைக் கொடுத்தாள். வழி நெடுக அது அவள் கைக்குத் திரும்பவில்லை. சீட்டுக்குச் சீட்டு போயிற்று. சாலக்குடிப் பாலத்துக்கு ஒருத்தர், எண்ணெய்ப்பனைத் தோட்டத்துக்கு ஒருத்தர். அவருடைய இழுப்பு, அவருடைய இருமல், "அதத்தான் கீழ உள்ளவுக குடிக்காக" எல்லாம் ஆளுக்குக் கொஞ்சமாக வந்தது. அமுதவள்ளி ஜன்னல் பக்கம் பார்த்தபடி கேட்டுக்கொண்டு வந்தாள். சிரிப்பு வந்தபோது சிரித்தாள்.

அருவி மழைத் தண்ணீரில் செந்நிறமாக, கரை தெரியாமல் விழுந்துகொண்டிருந்தது.

"உயரம் ஏறத்தாழ எண்பது அடி" என்றாள் அமுதவள்ளி.

"யாரு கயிறு போட்டு அளந்தா?" என்றாள் மாடத்தி. பிறகு குடையை மடக்கிவிட்டு நனைந்தபடி நின்றாள். "நம்ம குத்தாலம் மாதிரிதான் இருக்கு."

"ரெண்டும் ஒரே மலைதான், பெரியப்பா மக்க சித்தப்பா மக்கன்னு சொல்வாரு" என்றது ஒரு குரல்.

செராயில் கடல் சாலை வரைக்கும் வந்து பார்த்துவிட்டுப் போய்க்கொண்டிருந்தது. சிவப்புக் கொடி. இறங்கக் கூடாது என்று காவலுக்கு நின்றவர் விசில் ஊதினார். குடைக்கடியில் நின்றே புளிச்சோற்றைச் சாப்பிட்டார்கள். கால் மட்டும் நனைத்துக்கொள்கிறேன் என்று போன மாடத்தியின் ஒரு செருப்பை அலை கொண்டுபோயிற்று. அவள் மற்றதையும் கழற்றி வீசினாள்.

"ஒத்தச் செருப்ப வெச்சு நான் என்ன செய்ய. கடலாவது சோடியாப் போடட்டும்."

வைப்பின் தீவிலிருந்து, வண்டிகளை ஏற்றும் ஜங்கார் படகில் வேனோடு ஏறி, கரை மாறி, ஃபோர்ட் கொச்சி வழியாகத் தோப்பும்படிக்கு வந்தபோது வெளிச்சம் இருந்தது. அனூப் மீசையை முறுக்கிவிட்டுக்கொண்டு வாசலிலேயே நின்றார்.

மலை சின்னதுதான். ஒரு ஓட்டத்தில் வந்த ஐஸ் அவ்வளவுதான். இசக்கிமுத்துவின் காலத்தில் குவியலாகக் கிடக்கும், விழுந்து எழுந்துதான் ஏற வேண்டும். அமுதவள்ளி முந்தின நாளே வந்து, அனூப்போடு சேர்ந்து, கட்டிகளைப் படிப்படியாக அடுக்கிப் பக்கவாட்டில் பிடித்துக்கொள்ளக் கயிறும் கட்டியிருந்தாள். மாடத்தி வாசலில் நின்று மேலும் கீழும் பார்த்தாள்.

"என்னட்டி, மலைக்குப் படிக்கட்டு வெச்சிருக்க?"

"உங்க முட்டுக்கு."

அமுதவள்ளி முழங்காலிட்டு உட்கார்ந்தாள். மாடத்தியின் வெறுங்காலில் கடல் மணல் ஒட்டியிருந்தது. அதைத் தட்டிவிட்டு, சாக்கைச் சுற்றி, கயிற்றைக் குறுக்கே கொடுத்து இறுக்கினாள். இரண்டாவது காலுக்கும் கட்டினாள். நிமிர்ந்தபோது பின்னால் எல்லாரும் செருப்பைக் கழற்றிவிட்டு வரிசையில் நிற்பது தெரிந்தது. ஒவ்வொரு காலாகக் கட்டினாள். வரிசையில் யாரும் அவசரப்படவில்லை.

அப்போதுதான் மாடத்தி கேட்டாள்.

"குல்லா எங்க?"

அமுதவள்ளியின் கை கயிற்றில் நின்றது.

"குல்லா இல்லாம போட்டோ எடுத்தா எங்க அக்கா நம்ப மாட்டா. மீன் கடையில நின்னேன்னு சொல்லுவா."

மைக்கைத் துண்டில் சுற்றியபடி அப்பா சொன்னது ஞாபகம் வந்தது. போற வழியில வாங்கிக்கிடலாம். மிஷின், சீல், கந்தகத் திரி, படிக்கட்டு எல்லாம் நினைவிருந்தது. குல்லா இல்லை.

"முதல்ல ஏறுங்க அத்தே. குல்லா வரும்."

மாடத்தி தலையில் துண்டைக் கட்டிக்கொண்டு, கயிற்றைப் பிடித்து, ஒவ்வொரு படியிலும் "முருகா" என்று சொல்லிக்கொண்டு ஏறினாள். உச்சியில் போய் உட்கார்ந்ததும் அவள் வாயிலிருந்து ஆவி வந்தது. அதைப் பார்த்து அவளே பயந்து, பிறகு வேண்டுமென்றே திரும்பத் திரும்ப ஊதிப் பார்த்தாள். அனூப் ஃபிளாஸ்க்கிலிருந்து சாயா ஊற்றிக் கொடுத்தார். அவள் ஒரு வாய் குடித்தாள். அதற்குள் மைக் எப்படியோ சுற்றி வந்து அமுதவள்ளியின் கையில் நின்றது. எல்லாரும் அவளைப் பார்த்தார்கள்.

ஐஸை வாயில் வைக்கக் கூடாது என்று சொல்லத்தான் வாயைத் திறந்தாள்.

"இது பனிமலை" என்றாள்.

இந்தத் தடவை யாரும் மேற்கொண்டு எதிர்பார்க்கவில்லை.

"எறங்கி வெளிய நின்னு சாயா குடிங்க" என்றாள் பிறகு, மைக்கை அனூப்பிடம் கொடுத்துவிட்டு. "கதவச் சாத்தி வெச்சா மலை எங்கயும் போகாது. நான் குல்லாவோட வாரேன்."

சங்கிலிப்பாண்டி வேனை எடுத்தான்.

ஃபோர்ட் கொச்சித் தோபிகானாவில், துவைக்கும் தொட்டிகளின் மேல் மழை விழுந்துகொண்டிருந்தது. கூரைக்கடியில் முறுக்கிய கயிற்று இடுக்குகளில் துணியைச் செருகிச் செருகிக் காயப்போட்டிருந்தார்கள். கடைசிக் கயிற்றில் வரிசையாகக் குரங்குக் குல்லாக்கள், முகம் இல்லாத ஒரு வேன் கூட்டம் போல. சலவைக்காரர் ராமன் இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு வந்தார்.

"மழையில காயவே மாட்டேன்னுது, மோளே. காஞ்சதும் யாரு கையிலயாவது கொடுத்து விடலாம்னு பாத்தேன். மனசு வரல. ஞாயித்துக்கிழமை காலையில நானே வந்து எடுத்துக்கிறேன்னு சொல்லிட்டுப் போனாரு உங்கப்பா."

அமுதவள்ளி கயிற்றின் முறுக்கைத் தளர்த்தி முதல் குல்லாவை எடுத்தாள். இன்னும் லேசாக ஈரம் இருந்தது.

"இன்னைக்கு ஞாயித்துக்கிழமைதான், மாமா" என்றாள். "கொஞ்சம் தாமதமாயிட்டு."